அடியில தண்ணி நிக்காத கோடைக் காய்கறி கேசரோல்: ஆரம்பத்துல இருந்து கடைசி வரைக்கும்

கோடைக் காய்கறி வெச்சு கேசரோல் பேக் பண்ணவங்க பாதிப் பேர் சொல்ற குறை ஒண்ணுதான். மேல பார்த்தா பொன்னிறமா அவ்வளவு அழகா இருக்கு, கரண்டிய விட்டு எடுத்தா அடியில குளம் மாதிரி தண்ணி நிக்குது, சாஸ் தனியா காய் தனியா கிடக்குது. எனக்கும் முதல் மூணு நாலு தடவை அப்படித்தான் வந்துச்சு, ஓவன் சூடு பத்தலைன்னு நினைச்சு இன்னும் இருபது நிமிஷம் விட்டேன், காய் குழைஞ்சு போச்சே தவிர தண்ணி அப்படியே இருந்துச்சு. அப்புறம்தான் புரிஞ்சுது, தப்பு ஓவன்ல நடக்கல, பாத்திரத்துக்குள்ள காயை அடுக்குறதுக்கு முன்னாடியே நடந்துடுச்சு.

கணக்கு பாருங்க. சுக்கினில (வெள்ளரிக்காய் மாதிரி நீளமா இருக்கிற பூசணி வகைக் காய்) கிட்டத்தட்ட 95 சதவீதம் தண்ணி. தக்காளியும் அதே அளவுக்குப் பக்கம். கத்தரிக்காய், குடைமிளகாய் ரெண்டுலயும் 92 சதவீதம் பக்கம். அதாவது ஒரு கிலோ சுக்கினி வாங்குனா அதுல காய்னு சொல்லிக்கிறதுக்கு 50 கிராம்தான், மிச்சம் எல்லாம் தண்ணி. சூடு ஏறினதும் காயோட செல் சுவர் இளகி உடைஞ்சு அந்தத் தண்ணி வெளிய வரும். ஆழமான பாத்திரத்துல நாலு அடுக்கா இருக்கும்போது ஆவியா போறதுக்கு மேல் பரப்பு மட்டும்தான் வழி, கீழ இருக்கிற தண்ணிக்கு வழியே கிடையாது, அங்கேயே தங்கிடும். அதனால இந்த வழிகாட்டில நான் சொல்லப்போற ஒவ்வொரு ஸ்டெப்பும் அந்தத் தண்ணிய எங்க எப்படி வெளியேத்துறதுங்கிறதைச் சுத்தித்தான் இருக்கும். சுவை, மசாலா எல்லாம் உங்க இஷ்டம், மாத்திக்கலாம், தண்ணி விஷயத்துல மட்டும் குறுக்கு வழி கிடையாது.

சொல்ல மறந்துட்டேன், கேசரோல்னா சாப்பாடு சூடு ஆறாம வைக்கிற மூடி போட்ட டப்பாவைத்தான் நிறைய பேர் நினைப்பாங்க. இங்க நான் சொல்றது ஓவன்ல வெச்சு பேக் பண்ற பாத்திரம், அந்தப் பாத்திரத்தோட பேரே அதுல செய்யுற சாப்பாட்டுக்கும் வந்துடுச்சு.

என்னென்ன வேணும்

இது ஆறு பேருக்கு, 23க்கு 33 சென்டிமீட்டர் சைஸ்ல 5 சென்டிமீட்டர் ஆழம் இருக்கிற பாத்திரத்துக்கான அளவு. சுக்கினி 500 கிராம், பெரிய ஊதா கத்தரிக்காய் 400 கிராம், நல்லா பழுத்த தக்காளி 600 கிராம், குடைமிளகாய் ரெண்டு (சிவப்பு இல்லைன்னா மஞ்சள், பச்சையில இனிப்பு கம்மி, லேசா கசக்கும்), ஸ்வீட் கார்ன் முழுக் கதிர் ரெண்டு, பெரிய வெங்காயம் ரெண்டு, பூண்டு ஆறு பல், ஆலிவ் ஆயிலோ வேற எந்த சமையல் எண்ணெயோ ஆறு டேபிள்ஸ்பூன்.

சாஸுக்கு வெண்ணெய் 40 கிராம், மைதா 40 கிராம், பால் 500 மில்லி, சீஸ் மொத்தம் 200 கிராம், கொஞ்சம் மிளகுத்தூள், ஜாதிக்காய் துருவல் ஒரு சிட்டிகை. மேல தூவ பிரெட் க்ரம்ஸ் 60 கிராம். மணத்துக்கு தைம், பேசில்னு வாசனை இலைங்க, ரெண்டுல எது கிடைக்குதோ அது. உப்பு பத்தி தனியா சொல்றேன்.

சீஸ்ல ஒரே வகை போட வேணாம். மொசரெல்லா நல்லா இழுபடும் ஆனா ருசி ரொம்ப மெல்லிசு, செடார்ல ருசி இருக்கு, பார்மேசன்ல உப்பும் ஆழமும் இருக்கு. நான் 100 கிராம் செடார், 60 கிராம் மொசரெல்லா, 40 கிராம் பார்மேசன்னு எடுப்பேன். கட்டியா வாங்கி நீங்களே துருவிக்கோங்க, துருவி பாக்கெட்ல வர்றதுல ஒண்ணோட ஒண்ணு ஒட்டாம இருக்க மாவுச்சத்து இல்லைன்னா செல்லுலோஸ் தூவி இருப்பாங்க, அது சாஸ்ல சரியா உருகாம லேசா மணல் மாதிரி நாக்குல படும்.

காய் எடுக்கும்போது

சுக்கினி பெருசா இருந்தா லாபம்னு நினைக்காதீங்க. ஒரு சாண் நீளத்துக்குக் கம்மியா, 15ல இருந்து 20 சென்டிமீட்டருக்குள்ள இருக்கிறதுதான் சதைப்பிடிப்பா இருக்கும், பெருசாக பெருசாக நடுவுல பஞ்சும் விதையும் தண்ணியும்தான். பெருசுதான் கிடைச்சுதுன்னா நீளவாக்குல ரெண்டா வெட்டி ஸ்பூனால நடுவுல இருக்கிற விதைப் பகுதிய வழிச்சு எடுத்துடுங்க.

இன்னொண்ணு கட்டாயம் செய்யணும். ஒவ்வொரு சுக்கினியையும் வெட்டும்போது நுனியில ஒரு சின்னத் துண்டை பச்சையா வாயில வெச்சுப் பாருங்க. லேசா புல் வாசனையோட சப்புன்னு இருந்தா சரி. வாயில வைக்க முடியாத அளவுக்குக் கசந்துச்சுன்னா துப்பிட்டு அந்தக் காயை முழுசா தூக்கிப் போட்டுடுங்க. அதுல குக்கர்பிட்டாசின்ங்கிற பொருள் ஜாஸ்தியா இருக்குன்னு அர்த்தம், அது வயித்தைக் கடுமையா கெடுத்துடும், வேக வெச்சாலும் போகாது. அபூர்வமாத்தான் வரும், ஆனா ஒரு கசப்புக் காய் மொத்தப் பாத்திரத்தையும் கெடுத்துடும்ங்கிறதால நான் இதை ஒரு தடவைகூட விடுறதில்லை.

கத்தரிக்காய் தோல் பளபளன்னு இழுத்துக் கட்டின மாதிரி இருக்கணும், விரலால அமுக்கினா திரும்ப எழுந்து வரணும். அமுங்கின இடம் குழியாவே நின்னா உள்ள விதை முத்திப் பழுப்பாகி இருக்கும். தக்காளிய வாங்கிட்டு வந்து ஃப்ரிட்ஜ்ல வைக்காதீங்க, குளிர்ல அதோட வாசனை மங்கிடும். கார்ன் மட்டும் இதுக்கு நேர்மாறு, பறிச்ச நேரத்துல இருந்து அதுல இருக்கிற சர்க்கரை மாவுச்சத்தா மாறிக்கிட்டே இருக்கும், அதனால உடனே ஃப்ரிட்ஜ்ல வெச்சு முடிஞ்சா அன்னிக்கே செஞ்சுடுங்க.

ஸ்டெப் 1: வெட்டி உப்புல போடுறது

சுக்கினிய அரை சென்டிமீட்டரைவிட கொஞ்சம் கூட கனமா, வட்டமா வெட்டுங்க. கத்தரிக்காயை ஒரு சென்டிமீட்டர் கனம். இதுல கஞ்சத்தனமா மெல்லிசா வெட்டிட்டா வறுக்கும்போது காய்ஞ்சு சருகாகிடும், ரொம்பக் கனமா வெட்டினா நடுவுல பஞ்சு மாதிரி வேகாம நிக்கும். தோலை சீவ வேணாம், அதுதான் துண்டோட வடிவத்தைப் பிடிச்சு வெச்சிருக்கு.

இப்ப ரெண்டையும் தனித்தனி வடிகட்டியில போட்டு உப்பு தூவணும். அளவு, காயோட எடையில ஒரு சதவீதம். 500 கிராம் சுக்கினிக்கு 5 கிராம், அதாவது தூள் உப்புல ஒரு டீஸ்பூனுக்குக் கொஞ்சம் கம்மி. கத்தரிக்காய்க்கு 4 கிராம். கையால நல்லா பிரட்டி எல்லாத் துண்டு மேலயும் பட்டுச்சான்னு பாத்துட்டு முப்பது நிமிஷம் அப்படியே விட்டுடுங்க. வெளிய உப்பு அடர்த்தியா இருக்கிறதால உள்ள இருக்கிற தண்ணி தானா வெளிய இழுக்கப்படும். அரை மணி கழிச்சு கீழ தட்டுல எவ்வளவு தண்ணி சேர்ந்திருக்குன்னு பாருங்க, அவ்வளவும் உங்க கேசரோல் அடியில நிக்க வேண்டியது.

அதுக்கு அப்புறம் கழுவாதீங்க. கழுவுனா திரும்பத் தண்ணிய குடிக்கும். சுத்தமான பருத்தித் துணியில பரப்பி இன்னொரு துணியால மேல அழுத்தி ஒத்தி எடுங்க, சுக்கினிய கொஞ்சம் மெதுவா, கத்தரிக்காயை கொஞ்சம் பலமாவே அழுத்தலாம். கத்தரிக்காய் உள்ள முழுக்கக் காத்துப் பை மாதிரி இடம் இருக்கு, அந்தக் காத்துப் பை அமுங்கலைன்னா எவ்வளவு எண்ணெய் ஊத்தினாலும் உறிஞ்சிக்கிட்டே இருக்கும். உப்புல ஊறினா அது அமுங்கிடும், எண்ணெய் செலவும் கம்மி. இந்த உப்புல ஒரு பங்கு காய்லயே தங்கிடும்ங்கிறதால இதுக்கு மேல வேற எதுலயும் தாராளமா உப்பு போடக்கூடாது, சாஸ்ல சீஸ் வேற இருக்கு.

ஸ்டெப் 2: ஓவன்ல வறுக்கிறது

ஓவனை 220 டிகிரி செல்சியஸ்ல வெச்சு நல்லா சூடாக விடுங்க. ஃபேன் ஓடுற ஓவனா இருந்தா இந்த வழிகாட்டில நான் சொல்ற எல்லா எண்ணுலயும் 20 டிகிரி குறைச்சுக்கோங்க.

ரெண்டு பெரிய ட்ரே வேணும். ஒரே ட்ரேல குமிச்சுப் போட்டா வறுபடாது, வேகும், அதாவது காய்ல இருந்து வர்ற ஆவியிலேயே அது அவிஞ்சுக்கிட்டு இருக்கும். சுக்கினி, கத்தரிக்காய் துண்டுகளை ஒண்ணு மேல ஒண்ணு ஏறாம பரப்புங்க, மேல பிரஷ்ஷால மெல்லிசா எண்ணெய் தடவுங்க. குடைமிளகாயை விரலகலத்துக்கு நீளமா வெட்டி அதே ட்ரேல ஓரத்துல வெச்சுடலாம், அதுக்கு உப்புல ஊற வேண்டியதில்லை. மொத்தம் 25ல இருந்து 30 நிமிஷம், நடுவுல ஒரு தடவை திருப்பிவிடணும், ரெண்டு ட்ரேயையும் மேல கீழ இடம் மாத்தணும். ஒரு சமயத்துல ஒரு ட்ரேதான் போகும்னா ரெண்டு ஈடா வறுங்க, அவசரப்பட்டு ஒண்ணா போடாதீங்க.

எடுக்கிற பதம் எப்படின்னா, ஓரம் பழுப்பாகி சுருங்கி இருக்கணும், கத்தரிக்காய் நடுவுல ஃபோர்க் குத்தினா தடையே இல்லாம இறங்கணும், துண்டு பாதி சைஸா ஆன மாதிரி தெரியணும். தண்ணி ஈரம் பரப்புல இருக்கிற வரைக்கும் காயோட சூடு 100 டிகிரியத் தாண்டாது, பழுப்பு நிறமும் அந்த வறுத்த வாசனையும் வர்றதுக்கு அதைவிட நிறைய சூடு வேணும், அதனால காய் பழுப்பாக ஆரம்பிச்சுதுன்னாலே மேல் ஈரம் போயிடுச்சுன்னு அதுவே சொல்லுது. நிறைய ரெசிபில இந்த ஸ்டெப்பையே விட்டுட்டு பச்சைக் காயை அடுக்கி ஒரேயடியா ஒரு மணி நேரம் பேக் பண்ணச் சொல்றாங்க. அதை நான் ஒத்துக்கவே மாட்டேன். மெல்லிசா ஒரே அடுக்கா வட்டம் வட்டமா அடுக்குற தட்டையான வகைக்கு அது சரி, அங்க எல்லாத் துண்டும் காத்து பார்த்தபடி இருக்கும். ஆழமான பாத்திரத்துக்கு அது ஒத்துவராது.

ஸ்டெப் 3: தக்காளி வெங்காயத் தொக்கு

600 கிராம் தக்காளில 200 கிராம் தனியா எடுத்து வெச்சுடுங்க, அது மேல அடுக்க. மிச்ச 400 கிராமை பொடியா நறுக்கிக்கோங்க. விதையைச் சுத்தி இருக்கிற கொழகொழன்னு இருக்கிற பகுதியத் தூக்கிப் போடச் சொல்லுவாங்க தண்ணி ஜாஸ்தின்னு, போடாதீங்க. சதையைவிட அதுலதான் குளுட்டமேட் கூட இருக்கு, தக்காளியோட அந்த ஆழமான ருசியே அங்கதான் இருக்கு. தண்ணிய நாம அடுப்புல வத்த வெச்சுக்கலாம், ருசிய திரும்பக் கொண்டு வர முடியாது.

அகலமான கடாயில ரெண்டு டேபிள்ஸ்பூன் எண்ணெய், நீளமா நறுக்கின வெங்காயம், மிதமான தீயில பத்துப் பன்னெண்டு நிமிஷம், ஓரம் தேன் கலர் வர்ற வரைக்கும். நசுக்கின பூண்டு போட்டு ஒரு நிமிஷம், அப்புறம் தக்காளி, தைம். மூடக்கூடாது, மூடினா ஆவி திரும்ப உள்ளேயே விழும். 15 நிமிஷம் பக்கம் கொதிச்சு வத்தினதும் கரண்டியால கடாய் அடியில ஒரு கோடு இழுங்க, அந்தக் கோடு ரெண்டு மூணு செகண்ட் மூடாம நின்னுச்சுன்னா போதும், உடனே தண்ணி ஓடி வந்து மூடிடுச்சுன்னா இன்னும் வத்தணும். இதுக்கு உப்பு ஒரு சிட்டிகை மட்டும்.

ஸ்டெப் 4: கார்ன்

கதிரை அகலமான பாத்திரத்துக்குள்ள நட்டமா நிக்க வெச்சு கத்தியால மேல இருந்து கீழ சீவுனீங்கன்னா முத்து தெறிக்காம உள்ளேயே விழும். சீவி முடிச்சதும் கதிரைத் தூக்கிப் போட்டுடாதீங்க, கத்தியோட மொட்டைப் பக்கத்தால அதை அழுத்தி வழிச்சா பால் மாதிரி ஒண்ணு வரும், இனிப்பும் மாவுச்சத்தும் அதுல இருக்கு, அதை சாஸ்ல சேர்க்கப்போறோம், சாஸ் கெட்டியாகவும் அது உதவும். முத்துக்களை கொஞ்சூண்டு எண்ணெயில பெரிய தீயில நாலு நிமிஷம் புரட்டி அங்கங்க புள்ளி புள்ளியா கருகினதும் எடுத்துடுங்க. இதுல தண்ணி மத்த காயைவிட கம்மி, அதனால பயப்பட வேண்டியதில்லை.

ஸ்டெப் 5: வெள்ளை சாஸ்

இதுக்குத்தான் நிறைய பேர் பயப்படுறாங்க, ஆனா அளவு தெரிஞ்சா சுலபம். 500 மில்லி பாலுக்கு 40 கிராம் வெண்ணெய், 40 கிராம் மைதா. அடிகனமான பாத்திரத்துல வெண்ணெய் உருகினதும் மைதாவைப் போட்டு ரெண்டு நிமிஷம் மிதமான தீயில கிளறுங்க, பச்சை மாவு வாசம் போய் பிஸ்கட் வாசம் வரும், நிறம் மாற விடக்கூடாது. முதல்ல அரை டம்ளர் பால் ஊத்தி விஸ்க்கால வேகமா கலக்குங்க, கெட்டியா பசை மாதிரி ஆகும், அது நல்லதுதான், பசையா இருக்கும்போதே கட்டி எல்லாம் உடைஞ்சுடும். அப்புறம் மிச்ச பாலை மூணு தடவையா ஊத்துங்க, கார்ன்ல வழிச்ச பாலையும் சேர்த்துடுங்க.

இப்ப முக்கியமான இடம். சாஸ் சூடானதுமே கெட்டியான மாதிரி தெரியும், அங்கேயே இறக்கிடக்கூடாது. மாவு முழுசா தண்ணிய உறிஞ்சி உப்பி நிக்கிறதுக்கு அது கொதி வரணும், கொதி வந்து சின்னத் தீயில ஒரு அஞ்சு நிமிஷமாவது கிளறிக்கிட்டே இருக்கணும். கரண்டியோட பின்பக்கத்துல தோய்ச்சு விரலால கோடு போட்டா கோடு அப்படியே நிக்கணும், வழியக் கூடாது. சாதாரணமா பாஸ்தாவுக்குப் பண்றதைவிட ஒரு படி கெட்டியாவே இருக்கட்டும், ஏன்னா என்னதான் காயை வறுத்தாலும் பேக் ஆகும்போது மிச்சசொச்சத் தண்ணி கொஞ்சம் வரும், அதை வாங்கிக்கிற இடம் சாஸ்ல இருக்கணும்.

அடுப்பை அணைச்சு, ரெண்டு நிமிஷம் ஆறவிட்டு அப்புறம் சீஸ்ல முக்கால் பங்கு போட்டுக் கலக்குங்க. கொதிக்கிற சாஸ்ல சீஸ் போட்டா அதுல இருக்கிற புரதம் இறுகி கொழுப்பு பிரிஞ்சு எண்ணெய் மிதக்கும், நூல் நூலா திரிஞ்சு போகும். மிளகுத்தூள், ஜாதிக்காய் இப்ப. ருசி பார்த்துட்டுத்தான் உப்பு, அனேகமா தேவையே படாது.

பால் புளிக்கிற தக்காளியோட சேர்ந்தா திரிஞ்சுடாதான்னு கேப்பீங்க. மாவு கலந்து கொதிச்ச பால் அவ்வளவு சீக்கிரம் திரியாது, மாவுச்சத்து பால் புரதத்தை ஒண்ணோட ஒண்ணு சேர விடாம தடுத்துடும். வெறும் பாலையோ தயிரையோ ஊத்துனாத்தான் பிரச்சினை.

ஸ்டெப் 6: அடுக்குறது

பாத்திரத்துல எண்ணெய் தடவி, ரெண்டு டேபிள்ஸ்பூன் பிரெட் க்ரம்ஸை அடியில தூவுங்க. யார் கேட்டாலும் நான் முதல்ல சொல்லித்தர்றது இந்தச் சின்ன விஷயத்தைத்தான், அடியில இறங்குற ஈரத்தை அது ஸ்பாஞ்ச் மாதிரி பிடிச்சுக்கும், வெட்டி எடுக்கும்போது துண்டு சுத்தமா வரும்.

அதுக்கு மேல கத்தரிக்காய், முழுசும் ஒரே அடுக்கா, அது கெட்டியா நின்னு மத்ததைத் தாங்கும். மேல தக்காளித் தொக்கு, அதுக்கு மேல குடைமிளகாயும் கார்னும். பாதி சாஸ். அப்புறம் சுக்கினி, மிச்ச சாஸ். பாத்திரத்தை மேசையில ரெண்டு தட்டு தட்டுங்க, சாஸ் இடுக்குல இறங்கும். மேல எடுத்து வெச்ச 200 கிராம் தக்காளிய மெல்லிசா வட்டமா வெட்டி பத்து நிமிஷம் துணியில வடியவெச்சு இடைவெளி விட்டு அடுக்குங்க, முழுசா மூடிடாதீங்க, ஆவி போக வழி வேணும். மிச்ச சீஸ், கடைசியா மிச்ச க்ரம்ஸை ஒரு டேபிள்ஸ்பூன் எண்ணெயில பிசறி மேல தூவுங்க. பிசறாம காய்ஞ்ச க்ரம்ஸ் போட்டா நிறமே வராது, வெளுத்துப்போய் மரத்தூள் மாதிரி இருக்கும். பாத்திர விளிம்புக்கும் மேல் அடுக்குக்கும் ஒண்ணரை சென்டிமீட்டராவது இடம் விடுங்க, கொதிச்சு வழியும், கீழ ஒரு ட்ரே வெச்சுட்டா ஓவன் தப்பிக்கும்.

ஸ்டெப் 7: பேக்

190 டிகிரி, நடுத் தட்டுல, 35ல இருந்து 40 நிமிஷம், மூடாம. ஃபாயில் போட்டு மூடச் சொல்ற ரெசிபி நிறைய இருக்கு, அது பச்சைக் காய் வேகுறதுக்காக. நம்ம காய் ஏற்கனவே வெந்தாச்சு, இப்ப நமக்கு வேண்டியது எல்லாம் ஒண்ணு சேர்றதும் மேல மொறுமொறுப்பும்தான், ஃபாயில் போட்டா ஆவி உள்ளேயே சுத்தும். மேல ரொம்ப சீக்கிரம் கருக ஆரம்பிச்சா மட்டும் ஒட்டாம கூடாரம் மாதிரி லேசா மேல வெச்சுக்கோங்க.

ஆயிடுச்சான்னு ஓரத்தை வெச்சு முடிவு பண்ணாதீங்க, ஓரம் எப்பவும் முதல்ல கொதிக்கும். நடுவுலயும் கொப்பளிக்கணும், கொப்பளிக்கிற குமிழி கஞ்சி கொதிக்கிற மாதிரி கனமா மெதுவா வரணும், தண்ணி கொதிக்கிற மாதிரி சடசடன்னு வந்தா இன்னும் ஈரம் இருக்கு, பத்து நிமிஷம் கூட விடுங்க. தெர்மாமீட்டர் இருந்தா நடுவுல 80 டிகிரி காட்டினா தாராளம். நிறம் பத்தலைன்னா கடைசி மூணு நிமிஷம் மேல் க்ரில்லை போடலாம், ஆனா கண்ணாடிப் பாத்திரமா இருந்தா க்ரில் வேணாம், நேரடி சூடு அதுக்கு ஆகாது. க்ரில் போட்டா பக்கத்துலயே நின்னு பாருங்க, அரை நிமிஷத்துல கருகிடும்.

கண்ணாடிப் பாத்திரம் பத்தி இன்னொரு எச்சரிக்கை. ஃப்ரிட்ஜ்ல இருந்து எடுத்து நேரா சூடான ஓவன்ல வைக்கிறதும், ஓவன்ல இருந்து எடுத்து ஈரமான மேடையில வைக்கிறதும் அதை வெடிக்க வெச்சுடும். மடிச்ச காய்ஞ்ச துணி இல்லைன்னா மரப்பலகை மேல வைங்க. பீங்கானும் கண்ணாடியும் சூடு ஏற நேரம் எடுக்கும் ஆனா ரொம்ப நேரம் பிடிச்சு வெச்சிருக்கும், உலோகப் பாத்திரத்துல சீக்கிரம் ஆகிடும், அஞ்சு நிமிஷம் முன்னாடியே பார்க்க ஆரம்பிங்க.

ஸ்டெப் 8: காத்திருக்கிறது

எடுத்ததும் வெட்டாதீங்க. பதினஞ்சு இருபது நிமிஷம். வாசனை வீடு முழுக்க இருக்கும், எல்லாரும் தட்டோட நிப்பாங்க, ஆனாலும் விடுங்க. சூடா இருக்கும்போது சாஸ் இளகித்தான் இருக்கும், ஆறஆறத்தான் இறுகும். உடனே வெட்டினா இவ்வளவு நேரம் பட்ட பாடெல்லாம் ஓடிப்போய் அடியில நிக்கும், பொறுத்து வெட்டினா கேக் மாதிரி அடுக்கு தெரிய வரும். பேசில் இலையை இந்த நேரத்துல கிள்ளிப் போடுங்க, ஓவனுக்குள்ள போட்டா கறுத்து வாசனை போயிடும்.

அப்படியும் தண்ணி நின்னா

பதறாதீங்க. பாத்திரத்தை ஒரு பக்கமா சாய்ச்சு மூலையில சேர்ற தண்ணிய ஸ்பூனால எடுத்துட்டு, 200 டிகிரில பத்து நிமிஷம் திரும்ப உள்ள வைங்க. எடுத்த தண்ணியக் கொட்டாதீங்க, அவ்வளவு ருசி அதுல இருக்கு, சின்னக் கிண்ணத்துல அடுப்புல வத்த வெச்சு மேல ஊத்திக்கலாம். அடுத்த தடவை எங்க கோட்டை விட்டோம்னு யோசிங்க, பத்துக்கு எட்டு தடவை ட்ரேல காயைக் குமிச்சதுதான் காரணமா இருக்கும்.

மாத்திக்கிறவங்களுக்கு

பால் பொருளே வேணாம்னா வெண்ணெய்க்குப் பதில் எண்ணெய், பாலுக்குப் பதில் இனிப்பு சேர்க்காத சோயாப் பால், சீஸுக்குப் பதில் ஊறவெச்ச முந்திரி 80 கிராம் அரைச்சு சாஸ்ல கலந்துக்கலாம், நல்லா கெட்டியாகும். மைதா ஆகாதவங்க கார்ன்ஃப்ளார் பயன்படுத்தலாம், அதுக்குக் கெட்டியாக்குற சக்தி மைதாவைவிட கிட்டத்தட்ட ரெண்டு மடங்கு, அதனால 20ல இருந்து 25 கிராம் போதும், ஆனா பச்சைப் பால்ல கரைச்சுத்தான் ஊத்தணும், க்ரம்ஸுக்கும் பொடிச்ச பாதாம் போட்டுக்கலாம். வயிறு நிறையணும்னா அரை வேக்காட்டுல வடிச்ச சாதம் ஒரு கப் கத்தரிக்காய்க்கு அடியில பரப்புங்க, அது பேக் ஆகும்போது வர்ற ஈரத்தைக் குடிச்சு முழுசா வெந்துடும், அப்ப அடியில க்ரம்ஸ் தேவையில்லை. காளான் சேர்க்கிறதா இருந்தா அதையும் தனியா வதக்கி வத்த வெச்சுத்தான் சேர்க்கணும், அதுலயும் தண்ணி 90 சதவீதத்துக்கு மேல.

ஓவன் இல்லாதவங்க மைக்ரோவேவ்ல கன்வெக்‌ஷன் மோட் (உள்ள சூடான காத்தை ஃபேன் சுத்தவிடுறது) இருந்தா தாராளமா பண்ணலாம். வெறும் மைக்ரோவேவ் மோட்ல பண்ணாதீங்க, சூடாகும், ஆனா மேல நிறமும் வராது மொறுமொறுப்பும் வராது.

முன்னாடியே செஞ்சு வைக்கிறது, மிச்சம் வைக்கிறது

முதல் நாளே அடுக்கி மூடி ஃப்ரிட்ஜ்ல வெச்சுடலாம், மேல் தக்காளியும் க்ரம்ஸும் மட்டும் போடாதீங்க, ஊறிப் போயிடும். மறுநாள் வெளிய எடுத்து அரை மணி விட்டு, ரெண்டையும் போட்டு பேக் பண்ணுங்க, வழக்கத்தைவிட பத்துப் பதினஞ்சு நிமிஷம் கூட ஆகும்.

சாப்பிட்டு மிச்சம் இருந்தா ரெண்டு மணி நேரத்துக்குள்ள ஃப்ரிட்ஜ்ல வெச்சுடுங்க, மூணு நாள் நல்லா இருக்கும். ஃப்ரீசர்ல வைக்க நான் சொல்ல மாட்டேன், ஐஸ் கட்டும்போது காயோட செல் மறுபடி உடையும், உருகினதும் எந்தத் தண்ணிக்காக இவ்வளவு மெனக்கெட்டோமோ அது திரும்ப வந்துடும். சூடு பண்ணும்போது துண்டா வெட்டி ட்ரேல தள்ளித் தள்ளி வெச்சு 180 டிகிரில பதினஞ்சு இருபது நிமிஷம், நடுவுல நல்லா சூடேறணும். அப்படி பண்ணா நாலு பக்கமும் ஓரம் மொறுமொறுன்னு ஆகிடும், எங்க வீட்டுல முதல் நாளைவிட இதுக்குத்தான் போட்டி.